பெற்றோர் விருப்பம்

தள்ளுபடி என்றால் மலைக்காரி சின்னக்குழந்தைக்கு ஜவுளிக்கடைதான் தெரியும். மனுவையும் தள்ளுபடி செய்வார்கள் என்பதைக் கலசப்பாக்கத்தில் வக்கீல் கோகிலவாணியின் அறையில்தான் தெரிந்துகொண்டாள்.

மலையில் அவர்கள் ஊரில் இருந்த ஒரே தொடக்கப்பள்ளியை மூடி, ஏழு கிலோமீட்டர் தள்ளியிருந்த இன்னொன்றோடு சேர்த்துவிட்டது அரசு. நடுவில் காடு, ஓடை. இப்படியே விட்டால் மகள் நிவேதாவின் படிப்பு நான்காம் வகுப்போடு சரி. அதற்காகத்தான் வழக்கு.

"வழக்குப் போடவே உங்களுக்கு உரிமை இல்லன்னுட்டாங்க. நீங்க பாதிக்கப்பட்டவங்களே இல்லையாம்."

"எம் புள்ள பள்ளிக்கோடம் போவாம வூட்ல குந்திக்கினு கீது. எனக்குப் பாதிப்பு இல்லன்னா வேற யாருக்கும்மா?"

வக்கீல் ஒரு காகிதத்தை முன்னால் வைத்தாள். நிவேதாவுக்கு டி.சி. கேட்கும் விண்ணப்பம். பள்ளியை மூடும் ஆணைக்கு ஒரு வாரம் முந்தைய தேதி. விலகக் காரணம்: பெற்றோர் விருப்பம். கீழே சின்னக்குழந்தையின் கையெழுத்து. மூடிய அன்று அவள் பிள்ளை அங்கே படிக்கவே இல்லை என்று அரசு வக்கீல் காட்டியது இதைத்தான்.

"சாதிச் சான்று வாங்கித் தர்றேன்னு சொல்லித்தான் எட்மாஸ்டர் கையெழுத்து கேட்டாரு."

அந்தச் சான்றுக்காக மலைக்காரர்கள் வருஷக்கணக்கில் அலைகிறவர்கள். அதன் பேரைச் சொன்னால் எதில் வேண்டுமானாலும் கையெழுத்துப் போடுவார்கள் என்று தெரிந்தேதான் எட்மாஸ்டர் காகிதத்தை நீட்டியிருக்கிறான். டீ வேறு வாங்கிக் கொடுத்தான். தூ!

"ஏமாத்தி வாங்கினதுன்னு சொல்லிப் பாத்தேன். கைநாட்டா இருந்தா எடுபட்டிருக்கும். கையெழுத்துப் போடத் தெரிஞ்சவங்க படிக்காமயா போட்டாங்கன்னு கேக்குறாங்க."

அவளுக்கு எழுதத் தெரிந்ததெல்லாம் அவள் பெயர் ஒன்றுதான். அதையும் நிவேதாதான் அந்தப் பள்ளியில் படித்துவந்து கற்றுக்கொடுத்தாள். இப்போது அதுவே பிள்ளைக்கு எதிராகச் சாட்சி சொல்கிறது. சீ, என்ன சட்டம் இது!

"இதே மாதிரி காகிதத்துல ஊர்ல யாராவது கைநாட்டு வெச்சிருக்காங்களா?" என்றாள் வக்கீல்.

சின்னக்குழந்தை ஜமுனாமரத்தூரில் பஸ்ஸை விட்டு இறங்கி, மிச்ச தூரம் நடந்து, நேரே காந்தாவின் வீட்டுக்குப் போனாள். காந்தாவின் மகனும் அதே பள்ளிதான்; சாதிச் சான்று என்று சொல்லி எட்மாஸ்டர் அவளிடமும் காகிதம் நீட்டியிருந்தான். சாமை புடைத்துக்கொண்டிருந்தவள் விஷயத்தைக் கேட்டதும் முறத்தைக் கீழே வைத்தாள்.

"கோர்ட்டுக்கு நானாடி? எழுதப் படிக்க எனக்கு ஒண்ணுமே தெரியாதே."

"அதாங்க்கா வேணும்," என்றாள் சின்னக்குழந்தை.