எந்நேரமும் திறந்திருக்கும்

பின்வரிசைகளில் நிறைய இடம் இருந்தது. இருந்தும் மருந்துக்கடை அம்மாள் நேராக முன்வரிசைக்குப் போய் நடு நாற்காலியில் உட்கார்ந்தாள். பின்னால் உட்கார்ந்தால் முகத்தை மறைத்துக்கொண்டாள் என்பார்கள். வராமலே இருந்தால் உடம்புக்கு முடியவில்லையாம் என்று கண்ணைச் சிமிட்டுவார்கள். அந்தச் சந்தோஷத்தை இந்தத் தெருவுக்கு அவள் இதுவரை கொடுத்ததில்லை. கஞ்சி போட்ட புடவையின் மடிப்பை ஒருமுறை நீவிவிட்டு, நாற்காலியின் முதுகில் தன் முதுகு படாமல் நிமிர்ந்து உட்கார்ந்தாள்.

நூலகத்தின் மாடி அறை அது. மேடை என்று தனியாக ஒன்றும் கிடையாது. ஒரு மேஜை, ஒலிவாங்கி, பக்கத்தில் நூலகர். அவருக்கு அடுத்து, நாவல் எழுதியவள். நாவல் எழுதியவள் மருந்துக்கடை அம்மாளின் மருமகள். அவள் மாமியாரைப் பார்த்துச் சிரிக்கப் பார்த்தாள், சிரிப்பு பாதியிலேயே நின்றுவிட்டது.

புத்தகம் வந்ததிலிருந்து கடையில் வியாபாரம் கூடியிருந்தது. இருமல் மருந்து வாங்க வருகிறவர்களெல்லாம் மருந்தைப் பார்க்காமல் அவளைப் பார்த்தார்கள். ஓய்வுபெற்ற தபால்காரர் ஒருநாள் வாயை விட்டே கேட்டுவிட்டார்.

"என்னம்மா, உங்களப் பார்த்தா அவ்வளவு கொடுமைக்காரி மாதிரி தெரியலியே?"

"நேர்ல பார்த்தா பாதிதான் தெரியும். மீதிக்குக் காசு குடுத்துப் புத்தகம் வாங்கிப் படிங்க."

அவர் சிரித்துக்கொண்டே போனார். அவளும் சிரித்த முகத்தோடுதான் மீதிச் சில்லறையைக் கொடுத்தாள். பிறகு உள்ளே போய் அட்டைப்பெட்டிகளுக்கு நடுவில் கொஞ்ச நேரம் சும்மா நின்றாள்.

நாவல் பல வருஷங்களுக்கு முந்தைய கலவர மாதத்தைப் பற்றியது. ஆட்சி மாறி, அதுவரை ஒரே குழாயில் தண்ணீர் பிடித்த தெரு பேரை வைத்து ஆளைப் பிரித்துக்கொண்ட மாதம். அதில் ஓர் அத்தியாயம் மட்டும் ஊரின் வாயில் விழுந்துவிட்டது. ஊரடங்கு நேரத்தில், பட்டப்பகலில், அந்தப் பக்கத்து ஆள் ஒருவர் மூச்சிழுப்பில் தவிக்கும் மனைவியைத் தாங்கிக்கொண்டு வந்து மருந்துக்கடைக் கதவைத் தட்டுகிறார். உள்ளே கடைக்காரர் காய்ச்சலில் மாடியில் கிடக்கிறார். அவருடைய மனைவி கதவுக்குப் பின்னால் கல்லாக நிற்கிறாள். திறக்கவில்லை. அன்று சாயங்காலமே அந்தப் பெண் இறந்துபோகிறாள். கதவுக்கு மேலே 'எந்நேரமும் திறந்திருக்கும்' என்று பெரிய எழுத்தில் பலகை தொங்குகிறது.

பலகை நிஜம். தட்டியதும் நிஜம். காய்ச்சல் மட்டும் பொய். அந்தப் பொய்யைச் சொன்னவள் மருந்துக்கடை அம்மாள்தான்.

அந்த மாதத்தைப் பற்றித் தெருத்தெருவாகக் கேட்டு எழுதிக்கொண்டிருந்த மருமகள் ஒருநாள் சமையலறை வாசலில் வந்து நின்றாள். "அத்தை, அன்னிக்குக் கதவத் திறக்க வேண்டாம்னு சொன்னது யாரு?" வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்த கை நிற்கவில்லை. "நான்தான். மாமாவுக்கு அனலாக் கொதிச்சது, மாடியில படுத்திருந்தார். எழுதணும்னா எழுதிக்கோ. ஆனா மாமாவ அதுக்குள்ள இழுக்காத." மருமகள் எழுதிக்கொண்டாள். மாமியாரைப் பற்றி அப்படி நம்புவதில் அவளுக்குச் சிரமம் ஒன்றும் இருந்திருக்காது.

மனைவிக்குக் கெட்ட பெயர் வந்தால் அது அவளோடு போகும். புருஷனின் பெயர் அப்படியா? அது கடைப் பலகையில் இருக்கிறது, மகன் போன வருஷம்தான் புது வர்ணம் பூசி மாட்டினான். கைராசிக்காரர், இல்லாதவனிடம் கை நீட்டாதவர் என்று அவர் போன அன்று தெருவே வந்து நின்றது. அந்தப் பெயரில்தான் மகன் தலைநிமிர்ந்து வியாபாரம் செய்கிறான். அவள் கணக்குப் போட்டுத்தான் பழியைத் தன் பக்கம் நகர்த்தினாள். கணக்கு சரியாகத்தான் இருந்தது.

"கேள்வி ஏதும் இருந்தால் கேட்கலாம்," என்றார் நூலகர்.

முதலில் எழுந்தது நாத்தனார். கணவரின் தங்கை. கல்யாணமாகி அடுத்த தெருவுக்குப் போனவள், அங்கிருந்தபடியே இந்த வீட்டை ஆண்டுகொண்டிருந்தாள். கையிலிருந்த விசிறியை ஒலிவாங்கி மாதிரி பிடித்துக்கொண்டாள்.

"நான் ஒண்ணு சொல்றேன். எங்கண்ணன் மட்டும் அன்னிக்குக் கீழ இருந்திருந்தா கதவு தானாத் திறந்திருக்கும். அவருக்குப் போய் அன்னிக்குன்னு பார்த்துக் காய்ச்சல் வந்துச்சு பாருங்க! அண்ணி மேல தப்புச் சொல்லல. அவங்க அப்படித்தான். கல்யாணத்தன்னிக்கே சிரிக்கல."

அறை சிரித்தது. "உங்களப் பக்கத்துல வச்சுக்கிட்டுச் சிரிச்சா போட்டோவுல ரெண்டு பேர் பல்லும் தெரியுமேன்னு பார்த்தேன்," என்றாள் மருந்துக்கடை அம்மாள், திரும்பாமலே. சிரிப்பு இன்னும் பெரிதானது. மருமகளும் தலையைக் குனிந்துகொண்டு சிரித்தாள். அம்மாளின் விரல்கள் மட்டும் கைப்பிடியை இறுக்கிப் பிடித்திருந்தன. இன்னும் கொஞ்ச நேரம். இதுவும் முடிந்துவிடும், வீட்டுக்குப் போய்விடலாம்.

அப்போதுதான் பின்னால் ஒரு நாற்காலி நகர்ந்தது.

யார் என்று பார்க்க வேண்டியிருக்கவில்லை. சிரிப்பு அடங்கிய விதத்திலேயே தெரிந்துவிட்டது. கண்ணாடிக்கடைக்காரர். படங்களுக்குச் சட்டம் போட்டுக் கொடுப்பவர். அன்று கதவைத் தட்டியவர். மருந்துக்கடைக்காரர் இறந்தபோது அவருடைய படத்துக்குச் சட்டம் போட்டவரும் இவர்தான். விவரம் தெரியாத மகன் அங்கேதான் கொண்டுபோய்க் கொடுத்திருந்தான். இவர் கண்ணாடியைத் தன் துண்டாலேயே துடைத்து, கீறல் இருக்கிறதா என்று வெளிச்சத்தில் திருப்பிப் பார்த்துக் கொடுத்தாராம். மகன் அதைப் பெருமையாக வந்து சொன்னபோது அம்மாள் அன்று சாப்பிடவில்லை.

"புத்தகம் நல்லா இருக்கும்மா," என்றார் அவர் மருமகளைப் பார்த்து. "பேரன் படிச்சுக் காமிச்சான். ஒரே ஒரு இடம் தப்பா இருக்கு."

"சொல்லுங்க ஐயா."

"'உள்ளே ஓர் அசைவும் இல்லை'ன்னு எழுதியிருக்கீங்க. அசைவு இருந்துச்சு. தாழ்ப்பாள் விலகிச்சு. கதவு உள்பக்கமா இவ்வளவு நகர்ந்துச்சு." ஒரு விரலை உயர்த்திக் காட்டினார். "இந்த விரல் நுழையிற அளவு. அப்புறந்தான் சாத்திக்கிச்சு."

மருமகள் தன் கையிலிருந்த புத்தகத்தைப் பார்த்தாள். பிறகு மாமியாரைப் பார்த்தாள்.

"நான் யாரையும் குத்தம் சொல்ல வரல," என்றார் அவர். "சாத்தினது யாருன்னு கேக்கவும் வரல. அந்த மாசம் நானே என் கதவ எத்தனையோ பேருக்குச் சாத்தினவன்தான். எனக்கு வேண்டியது வேற. என் சம்சாரம் அந்தப் படியிலதான் உக்காந்திருந்தா. கதவு அசைஞ்சதும் நிமிர்ந்து பார்த்தா. 'திறந்துட்டாங்க'ன்னு சொன்னா. அதுக்கப்புறம் அவ ஒண்ணும் பேசல. அவ கடைசியா வாயத் திறந்து சொன்னது அதுதாம்மா. இப்ப புத்தகத்துல கதவு அசையவே இல்லன்னு போட்டிருக்கு. பேரன் கேக்கறான், பாட்டிக்கு மூச்சு முட்டி என்னமோ தோணியிருக்கும், இல்லையா தாத்தான்னு. அவ சொன்னது பொய்யில்லன்னு யாராவது சொன்னா போதும். திறந்தது யாரு?"

நூலகர் ஒலிவாங்கியை மருமகள் பக்கம் நகர்த்தினார்.

"எனக்குக் கிடைச்ச தகவல் அப்படி இல்ல ஐயா," என்றாள் மருமகள். குரல் இறங்கியிருந்தது.

நாத்தனார்தான் கைகொடுத்தாள். "பெரியவரே, அந்த நேரத்துப் பதட்டத்துல உங்களுக்கு அப்படித் தோணியிருக்கும். காத்துல கதவு ஆடியிருக்கும். எங்கண்ணியப் பத்தி எனக்குத் தெரியாதா? ஒரு முடிவு எடுத்தா எடுத்ததுதான். இல்லையா அண்ணி?"

தலையை ஒருமுறை ஆட்டினால் போதும். வாயைத் திறக்கக்கூட வேண்டாம். காற்று. காற்றுதான் என்று ஆகிவிடும். மருந்துக்கடை அம்மாள் தன் வலது கையைப் பார்த்தாள். அன்று அந்தத் தாழ்ப்பாள் வெயிலில் சுட்டது. இழுத்தாள், துருப்பிடித்த கொண்டி முனகிக்கொண்டே வந்தது. கதவின் இடுக்கில் ஒரு கோடு வெளிச்சமும், படியில் ஒரு பெண்ணின் முகமும். அந்த முகம் நிமிர்ந்து இவளைப் பார்த்தது. அதற்குள் பின்னாலிருந்து அவர் கை வந்து இவள் கைமேல் விழுந்தது. காய்ச்சல் இல்லை, ஐஸ் மாதிரி குளிர்ந்திருந்தது. "வேண்டாம். கொளுத்திடுவாங்க. தொட்டில்ல புள்ள இருக்கு," என்றார். முந்தின நாள்தான் நான்கு பேர் வந்து, அந்தப் பக்கத்துக்கு ஒரு மாத்திரை போனாலும் கடை சாம்பல் என்று சொல்லிவிட்டுப் போயிருந்தார்கள். அவர் கெட்டவர் இல்லை. பயந்தவர். பிறகு ஆயுசு முழுக்க இல்லாதவனுக்கெல்லாம் இலவசமாகக் கொடுத்தது எதற்காக என்று அவளுக்குத் தெரியும். ஊருக்குத் தெரிய வேண்டியதில்லை என்றுதான் இத்தனை நாள் இருந்தாள்.

ஆனால் அந்தப் பெண் தன்னைப் பார்த்துத்தான் அந்த வார்த்தையைச் சொல்லியிருக்கிறாள். அது இவளுக்கு இன்றைக்குத்தான் தெரிந்தது. கதவு சாத்திய சத்தத்தில் அன்று கேட்கவில்லை.

தன் பெயரைத் தானே கெடுத்துக்கொள்ள அவளுக்கு உரிமை உண்டு. செத்துப்போனவளைப் பொய்க்காரியாக்க யார் உரிமை கொடுத்தது? எந்தக் குடும்பத்துக் கௌரவத்துக்கு அந்த விலை?

அவள் எழுந்து நின்றாள். ஒலிவாங்கி தேவைப்படவில்லை.

"அவங்க சொன்னது நிஜம். திறந்தது நான்தான்."

கண்ணாடிக்கடைக்காரர் அவளையே பார்த்துக்கொண்டிருந்தார். அவருக்குள் அடுத்த கேள்வி எழுவதும், அதை அவர் விழுங்குவதும் தொண்டையில் தெரிந்தது.

"போதும்மா," என்றார். "அது போதும்." துண்டை எடுத்துத் தோளில் போட்டுக்கொண்டு, நாற்காலிகளைப் பிடித்துப் பிடித்து வாசலை நோக்கி நடந்தார்.

அவர் விட்டுப்போன கேள்வி அறையிலேயே இருந்தது. நாத்தனாரின் விசிறி நின்றுவிட்டது. "அப்படின்னா அண்ணி..." என்று ஆரம்பித்தவள் வாயை மூடிக்கொண்டாள். அவள் முகத்தில் அப்படி ஒரு பயத்தை அம்மாள் பார்த்ததே இல்லை. மருமகள் பேனாவைத் திறந்தாள், பிறகு மூடி வைத்தாள். சுவரோரம் நின்றிருந்த மகன் யாரையும் பார்க்கவில்லை. தொட்டிலில் கிடந்த தன்னைக் கழித்தால் அன்று வீட்டில் இருந்தவர்கள் இரண்டு பேர். கூட்டிக் கழிக்க அவனுக்குக் காகிதம் தேவையில்லை.

நூலகர் ஏதோ நன்றி சொன்னார். யாரும் கைதட்டவில்லை. நாற்காலிகள் இழுபட்டன. காவலாளி ஜன்னல்களை ஒவ்வொன்றாகச் சாத்திக் கொண்டி போட்டுக்கொண்டு வந்தார். அந்தச் சத்தம் ஒவ்வொன்றும் அம்மாளின் முதுகில் விழுந்தது. பக்கவாட்டுக் கதவு வழியாகக் கூட்டம் இறங்கிக்கொண்டிருந்தது. காவலாளி பெரிய கதவுக்கு வந்தார்.

"இருப்பா," என்றாள் மருந்துக்கடை அம்மாள். "அவர் இன்னும் படியிறங்கி முடிக்கல."

"அதெல்லாம் இறங்கிடுவார்மா. நான் பூட்டணும்."

"இருன்னு சொல்றேன்ல."

அவள் போய்க் கதவின் விளிம்பைப் பிடித்துக்கொண்டாள். இடுக்கு வழியே படிக்கட்டு தெரிந்தது. கைப்பிடிச் சுவரைத் தடவிக்கொண்டு, ஒவ்வொரு படியிலும் இரண்டு காலையும் சேர்த்து வைத்து, அவர் மெதுவாக இறங்கிக்கொண்டிருந்தார். திரும்பிப் பார்க்கவில்லை.

பின்னால் செருப்புச் சத்தம் கேட்டது. மகன். மூச்சு வாங்குவது கழுத்தில் பட்டது. "அம்மா," என்றான். அவன் கை நீண்டு வந்து, கதவைப் பிடித்திருந்த அவள் கைமேல் விழுந்தது. அதே கனம். அப்பாவின் விரல்கள் அப்படியே அவனுக்கு வந்திருந்தன.

அது கதவைத் தள்ளப்போகிறதா, தன்னோடு சேர்ந்து பிடித்துக்கொள்ளப்போகிறதா என்று தெரியாமல் மருந்துக்கடை அம்மாள் நின்றாள். கீழே அவர் இறங்க இன்னும் சில படிகள் இருந்தன.