சிரிக்க மறுத்த குலுங்கல்

குலுங்கல் என்ற பண்டம் உறைய வேண்டுமானால் முதலில் அது சிரிக்க வேண்டும். ஊமைமரத்துப் பாலைக் காய்ச்சி, தேன் விட்டு, நேற்றைய குலுங்கலில் ஒரு கரண்டியை உறையாக ஊற்றி, பக்கத்தில் உட்கார்ந்து அதற்கு ஒரு ஜோக் சொல்ல வேண்டும். பிடித்திருந்தால் பால் களுக்கென்று ஒரு குமிழி விடும், ஓரங்கள் குலுங்கும், இரண்டே நிமிடத்தில் கரண்டி நிற்கிற அளவுக்கு உறைந்துவிடும். சாப்பிட்டவர்களுக்கு ஒரு நாள் முழுக்கக் கோபம் வராது. ஜோக் பிடிக்காவிட்டால் பால் பாலாகவே கிடக்கும். வீட்டில் பூனை இருந்தால் அதற்கு யோகம்.

அதனால் அந்த ஊரில் ஒரு சட்டம். வீட்டைப் பிரித்துக்கொள்கிறவர்கள் கையெழுத்துப் போடுவதற்கு முன்னால், அதே வீட்டில் உட்கார்ந்து, ஒரே கிண்ணத்தில் குலுங்கல் சாப்பிட வேண்டும். மதிய மணி அடிப்பதற்குள் அது உறையவில்லை என்றால் இவர்கள் இனித் தேற மாட்டார்கள் என்று அர்த்தம். நேராகக் கையெழுத்துதான்.

குலுங்கல்காரருக்கு இதெல்லாம் தண்ணீர்பட்ட பாடு. இருபது வருடமாக ஊரார் வீட்டுக் கூடங்களில் அடுப்பு மூட்டி, எத்தனையோ பத்திரங்களைக் கிழிக்க வைத்தவர். இன்றைக்கு அடுப்பு எரிந்தது அவருடைய சொந்தக் கூடத்தில். எதிரே உர்ரென்று உட்கார்ந்திருந்தவர் அவருடைய சொந்த அண்ணன்.

அண்ணன் தகரப் பெட்டி செய்கிறவர். நாலு வருடமாகத் தம்பியோடு பேச்சு வார்த்தை கிடையாது. கூடத்தின் நடுவில் பலகைத் தடுப்பு. இந்தப் பக்கம் தம்பி குடும்பம், அந்தப் பக்கம் அண்ணன் குடும்பம். போன வாரம் அண்ணன் பலகையை எடுத்துவிட்டுக் கல்சுவர் கட்ட வேண்டும் என்று மனுக் கொடுத்துவிட்டார். பலகை வழியாக அண்ணன் இருமுவது கேட்கும். அந்த இருமலைக் கேட்காமல் குலுங்கல்காரருக்குத் தூக்கம் பிடிக்காது. கல்சுவர் எழும்பினால் அதுவும் போயிற்று. இதை அவர் மனைவியிடம்கூடச் சொன்னதில்லை. ஊரையே சிரிக்க வைக்கிற ஆள் ஒரு இருமலுக்கு ஏங்கிக் கிடக்கிறார் என்று தெரிந்தால் தொழில் என்னத்துக்கு ஆகும்?

தடுப்பில் இரண்டு பலகைகளைக் கழற்றி, அந்த இடைவெளியில் பாத்திரத்தை வைத்திருந்தார்கள். மூன்றாவது ஜோக்கும் முடிந்தது. பால் அசையவில்லை.

"புதுசா ஏதாவது சொல்லுங்களேன்," என்றார் மனைவி.

"இது புதுசும்மா. மாமனாரும் கழுதையும் சந்தைக்குப் போனது."

"போன தடவை ஆடு, இந்தத் தடவை கழுதை. மாமனார் அதே ஆள்தானே? உங்க ஜோக்குக்கு நானே சிரிச்சு அஞ்சு வருஷமாச்சு. அது பாவம், என்ன பண்ணும்?"

விஷயம் அதுதான். நேற்றைய உறை இன்றைக்கு, இன்றையது நாளைக்கு என்று இருபது வருட ஜோக்கும் அந்தப் பாலுக்குள் ஊறிக் கிடந்தது. அது ஒன்றையும் மறப்பதில்லை. புதிதாக யோசிக்கலாம் என்றால், பயத்தில் குலுங்கல்காரருக்கு மாமனாரைத் தவிர ஒன்றும் தோன்றவில்லை.

பதிவு அலுவலகக் குமாஸ்தா மடியில் மனுவையும் முகத்தில் அரசாங்கத்தையும் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். "மணி அடிக்க இன்னும் கால் மணி நேரம்."

"சார், நீங்களாவது ஒரு ஜோக் சொல்லுங்களேன்," என்று கெஞ்சினார் குலுங்கல்காரர்.

"எனக்கு அந்த அதிகாரம் இல்லை."

அண்ணன் குமாஸ்தாவிடம் திரும்பினார். "அவருகிட்ட சொல்லுங்க சார், சும்மா நேரத்தை ஓட்ட வேண்டாம்னு."

"அவரா?" குலுங்கல்காரருக்குச் சுருக்கென்றது. "கூடப் பொறந்தவன் உங்களுக்கு அவரா?"

"நாலு வருஷத்துக்கு முன்னாடி மழையில என்னை நனைய விட்டவரை வேற எப்படிக் கூப்பிடறதாம்? கேளுங்க சார்."

"நான் எங்கண்ணே விட்டேன்? நீங்க தெருவுக்கு அந்தப் பக்கம் போனீங்க, நான் இந்தப் பக்கம் வந்தேன்."

அண்ணன் குமாஸ்தாவை மறந்தார். "உன் கையில குடை இருந்துச்சா இல்லையா?"

"இருந்துச்சு."

"வாங்கண்ணேன்னு ஒரு வார்த்தை கூப்பிட்டியா?"

"நீங்களே வருவீங்கன்னு பார்த்தேன். கூப்பிட்டு, 'உன் குடை எவனுக்கு வேணும்'னு நடுத்தெருவுல சொல்லிட்டீங்கன்னா?"

"சரி, கூப்பிடலை. என்னைப் பார்த்துக்கிட்டே குடையை மடக்கிக் கக்கத்துல வச்சுக்கிட்டியே, அது எதுக்கு? நான் நனைஞ்சாலும் நனைவேன், உனக்குத் தர மாட்டேன்னுதானே?"

குடையை மடக்கியதற்கு இப்படி ஒரு அர்த்தம் இருக்க முடியும் என்று நாலு வருடத்தில் ஒரு நாள்கூடக் குலுங்கல்காரருக்குத் தோன்றியதில்லை.

"அண்ணே, நீங்க நனையறப்ப நான் மட்டும் குடை பிடிச்சுக்கிட்டு நடக்க ஒரு மாதிரி இருந்துச்சு. அதான் மடக்கிட்டேன்."

"கையில குடையை வச்சுக்கிட்டு நனைஞ்சே?"

"ஆமா."

"வீடு வரைக்கும்?"

"ஆமா. ஒரு வாரம் காய்ச்சல்."

"எனக்குப் பத்து நாள்டா!"

களுக்.

எல்லோரும் குமாஸ்தாவைப் பார்த்தார்கள். அவர் பேனாவால் பாத்திரத்தைக் காட்டினார்.

"இதுல சிரிக்க என்ன இருக்கு?" என்று அண்ணன் பாலை அதட்டினார். அவ்வளவுதான். பாத்திரம் தடதடவென்று ஆட, குமிழி மேல் குமிழியாக வந்தது.

"அண்ணே, போதும், பேசாதீங்க! ரொம்பச் சிரிச்சா செருப்புத் தோல் மாதிரி ஆயிடும்!"

"நாலு வருஷம் பேசாம இருந்தேன். இப்பவும் பேசக் கூடாதுன்னா எப்படிடா?"

குலுங்கல் மூச்சு வாங்கிச் சிரித்தது. அது ஓய்வதற்குள் கரண்டி வளைகிற அளவுக்கு இறுகிவிட்டது. அண்ணன் உள்ளே போய்த் தகரம் வெட்டும் கத்திரியை எடுத்து வந்து, ஒரு துண்டு நறுக்கிக் கிண்ணத்தில் போட்டு, அதை இரண்டாக வெட்டி, பெரிய பாதியைத் தம்பி பக்கம் தள்ளினார். இருவரும் ஒரே கிண்ணத்திலிருந்து எடுத்து விடாமல் மென்றார்கள்.

மணி அடித்தது.

"கையெழுத்துப் போடறீங்களா?" என்றார் குமாஸ்தா.

அண்ணன் ஒரு விரலைத் தூக்கி, இருங்கள் என்று காட்டினார். வாய் நிறையக் குலுங்கல். குமாஸ்தா கொஞ்ச நேரம் பொறுத்து மறுபடி கேட்டார். மறுபடி அதே விரல். மூன்றாவது தடவை அண்ணன் இன்னொரு துண்டை நறுக்கிக் குமாஸ்தாவின் கையில் வைத்தார்.

குமாஸ்தா அதை வாயில் போட்டுக்கொண்டு, தாடை அசைய, மனுவின் ஓரத்தில் நிதானமாக எழுதினார்: 'மனுதாரர் மென்றுகொண்டிருக்கிறார். ஒத்திவைக்கப்படுகிறது.'