இருபது நாள் லீவு

என் கணவர் கடல் தாண்டி ஒரு துறைமுகத்தில் கிரேன் ஓட்டுகிறார். வருடத்துக்கு இருபது நாள் லீவு. அதை மொத்தமாகச் சேர்த்து வைத்து ஆண்டுக் கடைசியில் வீட்டுக்கு வருவார். அந்த இருபது நாளை நம்பித்தான் மிச்ச நாட்களை நான் ஓட்டுகிறேன்.

இந்த முறை அவர் டிக்கெட் போடுவதற்குள் சொந்தங்கள் முந்திக்கொண்டன. நாத்தனாருக்குப் புது போன். கொழுந்தனுக்கு ஷூ. மாமியார் "எனக்கென்னத்துக்குப்பா" என்று ஆரம்பித்துக் காது மெஷினில் வந்து நின்றார். இவருக்கோ யாரிடமும் முடியாது என்று சொல்ல வாய் வராது.

நானாவது வாயை மூடிக்கொண்டு இருந்திருக்கலாம். துணிக்கடையில் பில் போடுகிறவள் நான். விடுமுறைத் தள்ளுபடியில் மயங்கி, கார்டைத் தேய்த்துவிட்டுத் திருதிருவென்று விழிக்கும் முகங்களைத் தினமும் பார்க்கிறேன். ஆனாலும் ரோஷம் பொத்துக்கொண்டு வந்தது.

"எல்லாருக்கும் வாங்குறீங்க. பொண்டாட்டிக்கு ஒரு வாட்ச் கூடக் கிடையாதா?"

பெட்டி வந்தது. அவர் வரவில்லை.

நாத்தனாரும் கொழுந்தனும் பெட்டியைப் பிரித்து, அவரவர் பங்கை அள்ளிக்கொண்டு போனார்கள். நான் வாட்சைக் கையில் வைத்துக்கொண்டு அவருக்குப் போன் போட்டேன்.

"நீங்க எங்க?"

மெதுவாகச் சொன்னார். ஆண்டுக் கடைசியில் கப்பல்கள் குவியுமாம், ஆள் பத்தாதாம். லீவு எடுக்காமல் வேலை பார்த்தால் கம்பெனி அந்த நாளை இரட்டைச் சம்பளம் கொடுத்து வாங்கிக்கொள்ளுமாம்.

"போனுக்கு ஒம்போது நாள் போச்சு. காது மெஷினுக்கு எட்டு, ஷூவுக்கு ரெண்டு. கடைசியா ஒரு நாள் மிஞ்சுச்சு. ஒரு நாளைக்கு வந்துட்டுப் போக முடியுமா? அதான் உனக்கு வாட்ச்."

போன வருடம் அவர் படுத்திருந்த பக்கம் தலையணையை நகர்த்தாமல் வைத்திருக்கிறேன், பைத்தியக்காரி.

"அடுத்த வருஷமாவது முழுசா வருவீங்கல்ல?"

"பெட்டி அனுப்பக் காசு பத்தலம்மா. அடுத்த வருஷ லீவுல அஞ்சு நாளை இப்பவே வித்துட்டேன்."

கத்தலாம் என்று வாயெடுத்தேன். அழுகைதான் வந்தது.

"மிச்சம் பதினஞ்சு நாள் இருக்குல்ல?"

"இருக்கு."

"அது எனக்கு வேணும். யார் கேட்டாலும் விக்காதீங்க. நானே கேட்டாலும்."