நாங்களா, நாமா

தத்துவம் சார் நாற்காலியில் உட்காரவே இல்லை. கடைக்குள் நாலடி நடப்பதும் திரும்புவதுமாக, டைப் அடிக்கிற பெரியவரின் பிடரியில் மூச்சு விட்டுக்கொண்டிருந்தார்.

பண்பாட்டையும் மோதலையும் பற்றி அறுநூறு பக்கத்துக்குப் புத்தகம் எழுதினவர். ஊர் வைத்த பேர்தான் தத்துவம். அத்தனை பக்கத்தையும் அடித்துக் கொடுத்தது பெரியவர்தான். பாதி புரியவில்லை, புரிந்த பாதியை நம்பவில்லை.

இன்றைக்கு ஒரே ஒரு பக்கம். போன மாதம் முன்தெருவும் பின்தெருவும் கல்லால் அடித்துக்கொண்டன. நாலு மணிக்குப் பள்ளிக்கூட மண்டபத்தில் ரெண்டும் உட்கார்ந்து பேச ஏற்பாடு. முன்தெருவுக்காக வாசிக்கப் போவது சார்.

பெரியவரின் கடை ரெண்டு தெருவும் முட்டுகிற மூலையில். போன சண்டையில் கண்ணாடி போச்சு, அட்டையை வைத்து மறைத்திருந்தார். இன்னொரு தடவை வந்தால் கம்ப்யூட்டரும் பிழைப்பும் சேர்ந்து போகும். போதாக்குறைக்கு, பின்தெருவில் இருக்கிற மச்சான், பொண்டாட்டியின் கூடப்பிறந்த தம்பி, அன்றிலிருந்து பேச்சை நிறுத்திவிட்டான்.

"சார், 'நாங்கள் மன்னிக்கத் தயார்'னு இருக்கே. 'நாம்'னு போட்டா என்ன?"

"எதுக்கு?"

"நாங்கள்னா அவன் வெளியே நிக்கிறான். வெளியே நிக்கிறவன் கையிலதான் கல்லு இருக்கும். உங்க புத்தகத்துலயே இருக்கு சார், என்னை ரெண்டு தரம் திருத்தி அடிக்க வெச்சீங்களே."

சாருக்கு முகம் சுண்டிப்போனது. "அது புத்தகம். இது தெரு. இருக்கிறதை அடிங்க."

"படிச்சவங்க சொன்னா சரிதான்."

வாய்தான் சரி என்றது, கை கேட்கவில்லை. சார் போன் பேச வாசலுக்குப் போன நேரம் பார்த்து, அந்த ஒரு வார்த்தையை மட்டும் மாற்ற, திரையில் தேடி மாற்றுகிற பெட்டியைத் திறந்தார். மூக்குக்கண்ணாடி நெற்றியில் இருந்தது. குத்துமதிப்பாக ஒரு பொத்தானைத் தட்டினார். கையோடு பிரிண்டும் கொடுத்தார், பிரிண்டர் பக்கத்தைத் துப்பியது. சார் வந்து சுடச்சுடப் பிடுங்கிக்கொண்டு காரில் ஏறிவிட்டார்.

கண்ணாடியை இறக்கித் திரையைப் பார்த்தபோதுதான் பகீரென்றது. தட்டியது 'எல்லாவற்றையும் மாற்று'. பதினோரு 'நாங்கள்' இருந்த இடத்தில் பதினோரு 'நாம்'.

ஷட்டரைப் பாதி இழுத்துவிட்டு ஓடினார். முட்டி கழன்றுவிடும் போலிருந்தது.

மண்டபத்தில் நடுவே ஆள் நடக்க வழி விட்டு, ரெண்டு தெருவும் ரெண்டு பக்கமாக உட்கார்ந்திருந்தன. சார் ஆரம்பித்துவிட்டார்.

"முதல் கல்லை நாம் எறியவில்லை."

சொன்ன பிறகுதான் காதில் விழுந்தது போல நின்றார். காகிதத்தைக் கண்ணருகே கொண்டுபோனார்.

பின்தெருப் பக்கம் மச்சான் எழுந்தான். பெரியவர் தூணுக்குப் பின்னால் ஒதுங்கினார்.

"நீங்களும் எறியல, நாங்களும் எறியலன்னா, கல்லு தானா நடந்து வந்துச்சா சார்?"

பின்தெரு சிரித்தது. "கல்லுக்கு பஸ் பாஸ் குடுங்கய்யா" என்றது முன்தெருவில் ஒரு குரல். அந்தப் பக்கமும் சிரித்தது.

சார் கூட்டத்தில் தேடி, கடைசித் தூணோரம் நின்ற பெரியவரைக் கண்டுபிடித்தார். டைப்பிங் பிழை என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும், சிரிப்பு அங்கேயே செத்துவிடும். பார்வையாலேயே சுட்டுவிட்டு, காகிதத்துக்குத் திரும்பினார்.

"நாம் அடிபட்டோம்."

இதற்கு யாரும் சிரிக்கவில்லை. கட்டுப்போட்ட கை ரெண்டு பக்கத்திலும் இருந்தது.

"நாம் மன்னிக்கத் தயார்."

"யாரை சார்?" மச்சான் இன்னும் உட்காரவில்லை.

சார் காகிதத்தை மடித்தார். "தெரியலை. அதைத்தான் பேசணும்."

பேச்சு ஆறு மணிவரை இழுத்தது. கத்தினார்கள், மேஜையைத் தட்டினார்கள், ஒருத்தன் வெளியே போய்த் திரும்பி வந்தான். கல் மட்டும் யாரும் எடுக்கவில்லை.

வாசலில் மச்சான் வழி மறித்தான். "அது உங்க கைவேலைதானே மச்சான்?"

"கை தவறிடுச்சுடா."

"அக்காகிட்ட சொல்றேன் இருங்க." போகிற போக்கில் திரும்பினான். "கடைக்கு நாளைக்குக் கண்ணாடி போட்டுடலாமா? நம்ம ஆளு ஒருத்தன் இருக்கான்."

நம்ம ஆளு. பெரியவர் அந்த வார்த்தையை ஒருதரம் மென்று பார்த்தார்.

"அட்டையே இன்னும் ஒரு மாசம் இருக்கட்டும், பாப்போம்" என்றார்.