எழுந்திருக்காத காளை

சிவக்குமார் வசனம் எழுதிய கார்ட்டூனைப் பார்க்காத குழந்தை மதுரையில் கிடையாது. அவன் பெயரைக் கேள்விப்பட்ட பெரியவரும் கிடையாது. எழுத்தாளர் பெயர் ஓடவேண்டிய நேரத்தில் சேனல்காரர்கள் பிஸ்கட் விளம்பரம் போட்டுவிடுவார்கள். எவனோ பெற்ற வாத்துக்கும் முயலுக்கும் வாயசைவு பார்த்துத் தமிழ் திணிப்பதுதான் இத்தனை வருடமாக அவன் தொழில். பழங்காநத்தம் வீட்டு வாசலில் 'திரைக்கதை ஆசிரியர்' என்று போர்டு மாட்டியிருந்தான். தபால்காரரைத் தவிர யாரும் அதைப் படித்ததாகத் தெரியவில்லை.

இப்போதுதான் அவனுக்கே அவனுக்கென்று ஒரு கதாநாயகன் கிடைத்திருந்தான். செவலை என்கிற காளை. சேனல் முதலில் ஒரு எபிசோடு கேட்டிருந்தது. பிடித்தால் தொடர். பிடிக்காவிட்டால் உசிலம்பட்டியில் மனைவியின் அண்ணன் பாண்டியராஜன் நடத்தும் மாட்டுத்தீவனக் கடை.

"மாப்ள, காளைய பத்தி எழுதுறதுக்கு, காளைக்குத் தவிடு விக்கலாம்ல? நாற்காலிகூட வாங்கிப் போட்டுட்டேன்" என்றார் பாண்டியராஜன். மனைவி ரோகிணி அந்த நாற்காலிக்கு மெத்தை தைக்கத் துணி எடுத்தாள்.

உயிரைக் கொடுத்து எழுதினான். செவலை கயிற்றை அறுத்துக்கொண்டு உசிலம்பட்டிச் சந்தைக்குள் புகுந்து, தக்காளிக் கூடைகளைச் சிதறடித்து, கண்மாயில் குதித்து நீந்துகிறது. முடித்துவிட்டுத் தனக்குத் தானே கைதட்டிக்கொண்டான்.

அதைக் கார்ட்டூனாக வரைந்து படமாக்க வேண்டியவர் பத்மாசினி. மஹால் பக்கத்துத் தெரு மாடியில் சின்ன ஸ்டுடியோ வைத்திருந்தார். வீட்டாரிடம் சௌராஷ்டிர மொழியில் கொஞ்சிப் பேசுவார். எழுத்தாளர்களைத் தமிழில் வெட்டுவார்.

"சந்தையில எம்புட்டு ஜனம்ண்ணே?"

"சந்தைன்னா ஜனம் இருக்கும்ல மேடம்."

"ஒவ்வொரு தலையையும் நாங்கதான ஆட்டணும். சந்தை இல்லாத நாளா வச்சுக்கங்க."

வைத்துக்கொண்டான்.

"கண்மாய்த் தண்ணி வேணாம். தண்ணி அசையுறத வரைஞ்சு முடிக்கிறதுக்குள்ள எங்க பசங்க வேலைய விட்டுப் போயிருவாங்க. உங்க ஊர்க் கண்மாயில எப்பண்ணே தண்ணி இருந்துச்சு?"

உசிலம்பட்டியில் பிறந்து வளர்ந்த சிவக்குமார் கண்மாயை அடித்துவிட்டான்.

"காளை நாலு காலாலயும் ஓடணுமா?"

"பின்ன, ரெண்டு காலு லீவு போடுமா மேடம்?"

"படுத்தா நாலுக்கும் லீவுதான். படுக்க வச்சிருங்க."

கலையைப் பற்றி நீளமாக ஒரு பிரசங்கம் செய்தான். பத்மாசினி காபி கொடுத்து அனுப்பினார். வீட்டுக்கு வந்து, பெற்ற பிள்ளையின் கையைக் காலைக் கட்டிப்போடுகிற மனதோடு மாற்றி எழுதினான். செவலை ரோட்டில் படுத்திருக்கிறது. டவுன் பஸ் வந்து நிற்கிறது. டிரைவர் கெஞ்சுகிறார், திட்டுகிறார், பருத்திக்கொட்டையைக் காட்டுகிறார். செவலை கண்ணைச் சிமிட்டி, "எந்திரிக்க மாட்டேன்" என்கிறது. பஸ் சுற்றிக்கொண்டு போகிறது. அவ்வளவுதான் கதை.

படம் சேனலுக்குப் போனது. சிவக்குமார் மனதளவில் தவிட்டு மூட்டைகளை எண்ண ஆரம்பித்தான்.

ஒருநாள் பத்மாசினி போன் செய்தார். "அண்ணே, ஓகே ஆயிருச்சு. பிள்ளைகளுக்குப் போட்டுக் காட்டிருக்காங்க. அம்புட்டுப் பிள்ளைகளும் தரையில படுத்துக்கிட்டு 'எந்திரிக்க மாட்டேன்'னு சொல்லிருச்சுகளாம். அம்மாமாரு தூக்கிட்டுத்தான் போயிருக்காங்க. இந்த யோசனை உங்களுக்கு எப்படி வந்துச்சுன்னு சேனல்ல கேக்குறாங்க."

"அது வந்து மேடம், அசையாம இருக்குறதுல ஒரு எதிர்ப்பு இருக்குன்னு ரொம்ப நாளாவே எனக்கு ஒரு சிந்தனை."

மறுமுனையில் பத்மாசினிக்கு இருமல் வந்தது.

பாண்டியராஜனிடம், "கடைக்கு வேற ஆளப் பாருங்க மச்சான்" என்று சொல்லிவிட்டு, புதுச் சட்டை போட்டுக்கொண்டு இரண்டாவது எபிசோடு எழுத உட்கார்ந்தான். செவலை படுத்திருக்கிறது என்று எழுதினான். அதற்கு மேல் ஒன்றும் வரவில்லை. ரோகிணி வைத்த டீ ஆறியது. அடுத்த டீயும் ஆறியது. அப்போதுதான் ஒரு சந்தேகம் அவனுக்கு மெல்ல முளைத்தது. முதல் கதையை எழுதியது யார்?

போனை எடுத்தான்.

"மேடம், இதுல என்ன குறைக்கணும்னு இப்பவே சொல்லிருங்க."

"ஒண்ணும் குறைக்க வேணாம்ண்ணே. சேனல்ல இப்ப நல்லாக் காசு தாராங்க. கூட்டம், தண்ணி எம்புட்டு வேணும்னாலும் வைங்க. காளைய மட்டும் எழுப்பிராதீங்க."

"அப்படிச் சொல்லாதீங்க மேடம். ஏதாவது ஒண்ணையாவது குறைங்க" என்று கெஞ்சினான் திரைக்கதை ஆசிரியர் சிவக்குமார்.