சத்தம் வராத முதல் நிமிடம்

பிரிஸ்கில்லாவுக்கும் எனக்கும் வேடசந்தூர் பக்கம் ஒரே நூற்பாலை, அடுத்தடுத்த மிஷின். அங்கே இருக்கிற இரைச்சலில் தொண்டை கிழியக் கத்தினாலும் காதில் விழாது. அதனால் சத்தமே போடாமல் உதட்டை அசைத்துத்தான் பேசிக்கொள்வோம். மிஷின் நின்றுவிட்டால் இரண்டு உள்ளங்கையையும் கீழே அமுக்கிக் காட்டுவோம். அப்புறம்தான் குரல் வெளியே வரும்.

தொண்ணூற்றெட்டு பொங்கலுக்குத் திண்டுக்கல்லில் பேச்சுப்போட்டி. தலைப்பு 'உழைக்கும் பெண்'. ஜெயிப்பவருக்கு நடுவர் ஸ்தனிஸ்லாஸ் வாத்தியாரின் பட்டிமன்றக் குழுவில் இடம். அந்த மேடையில் ஏறிவிட வேண்டும் என்று பிரிஸ்கில்லாவுக்கு வெறி. இரண்டு மாதம், அறுந்த நூலை ஒட்டிக்கொண்டே எங்களைப் பார்த்துப் பேசிப் பழகினாள். எங்கள் ஷிப்டுப் பெண்கள் பன்னிரண்டு பேருக்கும் அவள் பேச்சு மனப்பாடம்.

போட்டி அன்று மேடையேறிக் கைகூப்பினாள். உதடு அசைந்தது, கை வீசியது, சத்தம் மட்டும் வரவில்லை. பின்வரிசையில் எங்களைப் பார்த்ததும் பழக்கதோஷத்தில் மில்லில் பேசுகிற மாதிரியே பேசிக்கொண்டிருந்தாள். மைக்செட்டுக்காரர் ஓடிவந்து வயரை ஆட்டினார். முன்வரிசை சிரித்தது. எனக்கு வந்த ஆத்திரத்தில் நாற்காலிமேல் ஏறி நின்று, இரண்டு கையையும் கீழே அமுக்கிக் காட்டினேன்.

பார்த்துவிட்டாள். பாதி வாக்கியத்தில் கணீரென்று குரல் வந்தது. சிரித்த வாயெல்லாம் மூடிக்கொண்டது. கடைசி மணி அடித்தபோது அத்தனை பேரும் கைதட்டினார்கள், எனக்குப் புல்லரித்துப்போனது.

வாத்தியார் தோள்துண்டைச் சரிசெய்தார். "நல்லாத்தான் பேசுனம்மா. ஆனா வணக்கமும் இல்ல, தொடக்கமும் இல்ல. பாதிப் பேச்சுக்கு எப்படி மார்க் போடுறது?"

பிரிஸ்கில்லா முகம் சுண்டிப்போனது. என் வாய் சும்மா இருக்குமா.

"அதெல்லாம் சொல்லிட்டா சார். உங்களுக்குத்தான் கேக்கல. எங்களுக்கு அம்புட்டும் கேட்டுச்சு."

"அப்படியா? என்ன சொன்னா, சொல்லு பாப்போம்."

எங்கள் ஷிப்டு மாயம்மாள் எழுந்தாள். அப்புறம் பன்னிரண்டு பேருமே எழுந்து நின்றோம். "அவையோருக்கு வணக்கம்" என்று தொடங்கி, அவள் நிறுத்திய இடத்தில் நிறுத்தி, கை வீசிய இடத்தில் வீசி, அந்த ஒரு நிமிடத்தை ஒரே குரலில் சொன்னோம். "எங்கள் கை ஒட்டிய நூல்தான்..." என்றதோடு நின்றோம். அவளுக்குக் குரல் வந்த இடம் அதுதான்.

"...இன்று உங்கள் தோளில் துண்டாகக் கிடக்கிறது" என்று மேடையிலிருந்து அவள் முடித்தாள்.

வாத்தியார் தன் துண்டைத் தொட்டுப் பார்த்தார். பேனாவைத் திறந்து மார்க் போட்டார்.

"மொதப் பரிசு இந்தப் புள்ளைக்குத்தான். ஞாயித்துக்கிழமை தாடிக்கொம்புல பட்டிமன்றம். வந்துருவியா தாயி?"

பிரிஸ்கில்லா பதில் சொன்னாள். வாத்தியார் காதில் கையை வைத்துக்கொண்டு எங்கள் பக்கம் திரும்பினார்.

"வாரேங்குறா சார்," என்றேன்.