சம்பங்கியின் முதுகில் காய்ந்த இரண்டு இடங்கள்

1

இந்தக் கதை எனக்கு வாட்ஸப்பில் வந்தது. கற்பனை என்று பீற்றிக்கொள்ள ஒன்றுமில்லை. கல்யாண ஊர்வலங்களுக்குக் குதிரை விடும் இன்பராஜ் தன் பெட்டைக்குதிரை சம்பங்கியின் முதுகைப் படம் எடுத்து அனுப்பியிருந்தான். ஸ்கெலட்டன் என்கிற எங்கள் சுரங்கத் தொழிலாளர் குடியிருப்பில் அவன் வீடு எங்களுக்குப் பின்வரிசை. புதுச் சேணம் போட்டுப் பேத்தமங்களா ஏரி வரை ஓட்டிப்போய்த் திரும்பி, அதைக் கழற்றியதும் எடுத்த படம். ஞாயிற்றுக்கிழமை என் தங்கை தாரா அதில் ஏறித்தான் புத்த விகாரைக்குப் போகிறாள். அவளுடைய கல்யாணத்துக்கு.

முதல் வரியை இப்படி ஆரம்பித்தேன்: செம்மண் நிறக் குதிரையின் முதுகில் வியர்வை ஒரு வரைபடம் போல—

வேண்டாம். அலங்காரம் செய்தால் பயம் தெரியாது என்று நினைத்தேன். தெரிகிறது.

நேராகவே சொல்கிறேன். சேணம் இருந்த இடமெல்லாம் நனைந்து கறுத்திருந்தது. தோள் எலும்புக்குப் பின்னால், இரண்டு பக்கமும், உள்ளங்கை அகலத்துக்குக் காய்ந்து வெளுத்திருந்தது. அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய் என்பார்கள். எனக்கு இருண்ட இடத்தில் பயமில்லை. வெளுத்த அந்த இரண்டு இடங்கள்தான் தூங்கவிடவில்லை.

2

இன்பராஜுக்கோ அந்த இடங்களைப் பார்த்துத்தான் சந்தோஷம்.

"இங்க காஞ்சிகீது பாருக்கா. ஈரம் இல்லாத எடத்துல இன்னா பயம்?"

அவனைக் குறை சொல்ல முடியாது. அவன் அப்பா சுரங்கத்தில் மரம் முட்டுக் கொடுத்தவர். லெவல் என்கிற சுரங்கத் தளத்தில் கூரைப்பாறை ஈரமாக இருந்தால் அதன் கீழே நிற்காதே, காய்ந்த இடமாகப் பார்த்து நில் என்று கேட்டே வளர்ந்த வீடுகள் எங்களுடையவை. பாறைக்கு அது சரி. குதிரைக்கு வேறு. சேணம் ஓரிடத்தில் மட்டும் போட்டு அழுத்தினால் அங்கே வியர்வையே கசியாது. சுற்றி நனைந்திருக்க நடுவில் காய்ந்திருந்தால், அங்கேதான் வலி இருக்கலாம்.

[இருக்கலாம் என்றுதான் எழுத முடிகிறது. கோலாரில் ஒரு கால்நடை மருத்துவரைப் போனில் கேட்டேன். சேணம் அங்கே முதுகைத் தொடாமல் தூக்கிக்கொண்டு நின்றாலும் காய்ந்துதான் இருக்குமாம். எது என்று படம் சொல்லாது, விரலால் அழுத்திப் பாருங்கள், வலித்தால் குதிரையே முதுகை இறக்கும் என்றார்.]

3

தாராவைப் பிடிவாதக்காரியாக எழுதிப் பார்த்தேன். கதைக்கு வசதி; விழுந்தாலும் பழி அவள் மேலேயே போய்விடும். ஆனால் அவள் அப்படிப்பட்டவள் இல்லை. தினமும் விடியற்காலை ரயிலில் பெங்களூருக்கு நின்றுகொண்டே போய் வருகிறவள், மாப்பிள்ளைதான் குதிரையில் வரவேண்டுமா என்று ஒருநாள் கேட்டாள். அவ்வளவுதான். எல்லோரும் சிரித்தார்கள், அப்புறம் சம்மதித்தார்கள். நான் விஷயத்தைச் சொன்னதும், இன்பராஜ் அண்ணன் நல்லா இருக்குது என்றாரே என்றாள். கொஞ்ச நேரம் கழித்து என்னிடம் மெதுவாகக் கேட்டாள்:

"நீ சொல்லுக்கா. ஏறட்டா?"

இந்த இடத்தில் மூன்று நாளாக—*

* அவளுக்குப் பதில் சொல்லவில்லை. கதையில் மட்டும் பதிலை எழுதி எழுதி அடித்தேன்.

4

எழுதி வைத்த முடிவுகள்:

பழைய சேணத்தைப் போட்டார்கள், ஒன்றும் நடக்கவில்லை. (பழையதன் வார் அறுந்துதான் புதியதே வந்தது.)

சம்பங்கி வலியைப் பொறுத்துக்கொண்டு விகாரை வரை நடந்தது. சில மாதம் கழித்து அந்த இரண்டு இடங்களிலும், சேணம் அழுத்தியதன் தழும்பாக, வெள்ளை மயிர் முளைத்தது. (இதை எழுதிவிட்டு, தங்கை தப்பித்தாள் என்று நிம்மதியானேன். என்ன மனுஷி நான்.)

பறை அடித்ததும் சம்பங்கி பின்னங்காலைத் தூக்க, தாராவின் கை வாரைத் தேடி

இதை முடிக்க மாட்டேன்.

5

இன்று ஞாயிறு. கொட்டகையில் நிற்கிறேன். இன்பராஜும் இப்போது சிரிக்கவில்லை. மருத்துவர் பேச்சை நேற்று நான் சொன்னதை ராத்திரியெல்லாம் யோசித்தானாம். அழுத்திப் பார்க்கத் தனக்குத் தைரியம் இல்லை, நீயே பார் என்கிறான். வெளியே பறைக்காரர்கள் பறைத்தோலை நெருப்பில் காய்ச்சுகிறார்கள்.

கையைத் தூக்கிவிட்டேன். வைக்க முடியவில்லை. சம்பங்கி முதுகை இறக்கினால் தாராவிடம் போய், எல்லோர் முன்னாலும், நடந்து வா என்று சொல்லவேண்டும். இறக்காவிட்டால் என் வார்த்தையை நம்பி அவள் ஏறுவாள்.

'சம்பங்கி அசையாமல் நின்றது' என்று நான் எழுதினால் அது நின்றுவிடும். எனக்கு அதுதான் பயம். அந்த வரியை ஆசைப்பட்டு எழுதுவேனே தவிர, பார்த்து எழுத மாட்டேன்.

அதனால் நீங்கள் வாருங்கள். உங்களுக்குத் தாரா தங்கை இல்லை, சம்பங்கியும் யாரோ. உங்கள் விரலில் ஆசை இருக்காது. இங்கே, தோளுக்குப் பின்னால், காய்ந்த இடத்தில் வைத்து அழுத்துங்கள். நான் முகத்தைத் திருப்பிக்கொள்கிறேன். தாரா புடவை கட்டி முடித்து கொட்டகை வாசலில் வந்து நிற்கிறாள், என்னைத்தான் பார்க்கிறாள்.

சொல்லுங்கள், ஏறட்டுமா?